வைடூரியம் எந்தக் கல்? எட்டாவதா, பத்தாவதா, அம்மா மோதிரத்தில் இருப்பதா?

ஞாயிறுபள்ளி

எல்லோருக்கும் வணக்கம். சர்ச்சில் சின்னப் பிள்ளைகளுக்கு ஞாயிறு வகுப்பு எடுக்கிறேன். இந்த வாரம் வெளிப்படுத்தின விசேஷம் 21, புதிய எருசலேமின் பன்னிரண்டு அஸ்திபாரக் கற்கள். கல்லுக்கு ஒரு வண்ணத் தாள் வெட்டி ஒட்ட வைக்கலாம் என்று உட்கார்ந்தேன். அங்கேதான் வினை.

நம் பழைய மொழிபெயர்ப்பில் எட்டாவது படிகப்பச்சை, பத்தாவது வைடூரியம். ஆங்கில வேதாகமத்தில் எட்டாவது பெரில், பத்தாவது கிரிசோபிரேஸ். சரி, பெரில் என்றால் என்ன என்று அகராதியில் பார்த்தால், 'வைடூரியம் என்ற இந்தியச் சொல்லோடு தொடர்புடையது' என்று போட்டிருக்கிறது. அப்படியானால் எட்டாவதுதானே வைடூரியமாக இருக்க வேண்டும்? யாத்திராகமம் 28இல் பிரதான ஆசாரியன் ஆரோனின் மார்ப்பதக்கத்தைப் பார்த்தேன். அங்கே மூன்றாம் பத்தியில் (கல் பதித்த வரிசையில்) வைடூரியம் வருகிறது, ஆங்கிலத்தில் அந்த இடத்தில் அகேட். பெரில் நாலாம் பத்தியில் இருக்கிறது, அங்கேயும் அதற்குப் படிகப்பச்சை என்றே பெயர்.

போதாததற்கு என் அம்மாவின் கையில் ஒரு வைடூரிய மோதிரம் இருக்கிறது. கேதுவுக்காக யாரோ சொல்லிப் போட்டது. (ஆமாம், நாங்கள் சர்ச்சுக்குப் போகிற குடும்பம்தான். அம்மாவிடம் நீங்களே கேட்டுக்கொள்ளுங்கள்.) அது தேன் நிறம், நடுவில் பூனைக்கண் போல ஒரு வெள்ளைக் கோடு ஓடும். அகேட் மாதிரியும் இல்லை, பச்சையாகவும் இல்லை. நான் எந்தத் தாளை வெட்ட?

தனிமம்4

பள்ளியில் வேதியியல் எடுக்கிறவன், அந்தப் பக்கத்திலிருந்து சொல்கிறேன்.

கனிமவியலில் பெரில் என்பது பெரிலியமும் அலுமினியமும் சேர்ந்த ஒரு சிலிக்கேட். சுத்தமாக இருந்தால் நிறமே கிடையாது. கொஞ்சம் இரும்பு கலந்தால் கடல் நீலம், அதுதான் அக்வாமரீன். குரோமியமோ வனேடியமோ கலந்தால் அடர் பச்சை, அதுதான் மரகதம். அதாவது உங்கள் பட்டியலில் நாலாவதாக வரும் மரகதமும் எட்டாவதாக வரும் பெரிலும், இன்றைய கணக்கில் ஒரே கனிமத்தின் இரண்டு நிறங்கள்! வெளிப்படுத்தின விசேஷம் எழுதிய யோவான் காலத்தில் இதை உறுதியாகத் தெரிந்துகொள்ள வழியில்லை. இரண்டின் படிக வடிவமும் ஒன்றாக இருப்பதை ஆயூய் என்ற பிரெஞ்சுப் படிகவியலாளர் கவனித்து, வோக்லான் என்பவரிடம் பகுத்துப் பார்க்கச் சொன்னார். 1798இல் அவர் பகுத்தபோதுதான் இரண்டிலும் அதுவரை யாரும் அறியாத ஒரு தனிமம் ஒளிந்திருப்பது தெரிந்தது. அதுதான் தனிம அட்டவணையில் நான்காவதான பெரிலியம். (என் பெயர் எங்கிருந்து வந்தது என்று இப்போது புரிந்திருக்கும்.)

அம்மா மோதிரத்தில் இருப்பது உண்மையான பூனைக்கண் என்றால் அது கிரிசோபெரில். பெயரில் பெரில் ஒட்டிக்கொண்டிருந்தாலும் அது பெரில் இல்லை, பெரிலியம் அலுமினியம் ஆக்சைடு. சிலிகான் கிடையாது. கடினமும் கூடுதல். மோஸ் அளவில் பெரில் ஏழரையிலிருந்து எட்டு, இது எட்டரை.

வேலூரான்

வைடூரியம் என்ற சொல்லே எங்கள் வேலூரிலிருந்து போனதுதான். வேலூர் - வேளுரியம் - வைடூரியம் - பெரில். தமிழன் கொடுத்த சொல்லை சமஸ்கிருதம் என்று போட்டுவிட்டார்கள். இதைப் பற்றி யாரும் பேசுவதில்லை.

ஏடுபுரட்டி

வேலூராரே, கொஞ்சம் நிதானம். நீங்கள் சொல்வதில் பாதி இருக்கிறது, பாதி இல்லை.

கிரேக்கத்தில் பெரில்லோஸ். அது நேரடியாக சமஸ்கிருத வைடூர்யத்திலிருந்து போயிருக்க முடியாது. நடுவில் 'ல' ஓசை வருகிற ஒரு வடிவம் வேண்டும். அது பிராகிருதத்தில் இருக்கிறது: வெருளிய. பாலியில் வேளுரிய. எனவே பேச்சு வழக்கிலிருந்த இந்தச் சொல்தான் கப்பல் ஏறியது. 'வைடூர்ய' என்பது அதற்குப் பிற்பாடு பூட்டிய பண்டித உடை என்பதே பலர் கருத்து. வெருளியவுக்கு மூலம் தென்னாட்டு ஊர்ப்பெயராக இருக்கலாம் என்றும் ஆய்வாளர்கள் எழுதியிருக்கிறார்கள். ஆனால் அவர்கள் பெரும்பாலும் கைகாட்டுவது கர்நாடகத்தில் இருக்கிற பேலூரை, அதன் பழைய பெயர் வேலூர். உங்கள் கோட்டை இருக்கிற வேலூர் இல்லை. அதுவும் ஊகம்தான், முடிந்த தீர்ப்பு கிடையாது.

இந்தச் சண்டை இன்று நேற்று வந்ததும் இல்லை. சமஸ்கிருத இலக்கணம் எழுதிய பாணினி, 'விதூரம் என்ற இடத்திலிருந்து வருவதால் வைடூர்யம்' என்று ஒரு விதி எழுதினார். பின்னால் வந்த பதஞ்சலி அதில் குறுக்கிடுகிறார்: கல் விதூரத்தில் விளையவில்லையே, வாலவாயத்தில் விளைகிறது, விதூரத்தில் பட்டை தீட்டத்தானே செய்கிறார்கள்? அதற்கு அவரே சமாதானமும் தருகிறார். வணிகர்கள் வாராணசியை ஜித்வரி என்று சொல்வதில்லையா, அது போல இலக்கணக்காரர்கள் வாலவாயத்தை விதூரம் என்கிறார்களாம்! ஈராயிரம் ஆண்டுக்கு முன்பே கல் தோண்டுகிற ஊருக்கும் தீட்டுகிற ஊருக்கும் பெயர்ப் பஞ்சாயத்து நடந்திருக்கிறது.

வேலூரான்

பேலூரும் ஒரு காலத்தில் வேலூர்தானே. அதைத்தான் நானும் சொன்னேன்.

மட்டுறுத்துநர்

ஊர்ச்சண்டைக்குத் தனி இழை இருக்கிறது. இங்கே கல் மட்டும்.

நொய்யல்கரை

கல் மட்டும் என்றால் நான் வரலாம். காங்கேயம் பக்கத்துக்காரன்.

எங்கள் ஊரிலிருந்து கொஞ்ச தூரத்தில் படியூர். அங்கே பெரில் கிடைத்தது ஊரறிந்த சங்கதி. 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஓர் ஆங்கிலேயர் அங்கே தோண்டி அக்வாமரீன் எடுத்திருக்கிறார். கொடுமணலில் 1985 முதல் நடந்த அகழாய்வுகளில் பெரிலும் நீலமும் படிகமும் சூதுபவளமும், அறுத்தும் அறுக்காமலும் பாதி துளைத்தும் கிடைத்தன. பதிற்றுப்பத்தில் 'கொடுமணம் பட்ட வினைமாண் அருங்கலம்' என்று வருகிறதே, அந்தக் கொடுமணம் இதுதான் என்கிறார்கள்.

ஒன்று என்னிடமே இருக்கிறது. சித்தப்பா காட்டில் உழும்போது கிடைத்தது, விரல் நீளம். முதலில் பார்க்கிறவர்கள் வெங்கச்சங்கல் (குவார்ட்ஸ்) என்றுதான் நினைப்பார்கள். கையில் எடுத்து உருட்டிப் பாருங்கள், ஆறு பக்கம், பென்சில் மாதிரியே. பக்கங்களில் நீளவாக்கில் மெல்லிய கோடுகள். வெங்கச்சங்கல்லிலும் ஆறு பக்கம் உண்டு, ஆனால் அதில் கோடு குறுக்கே ஓடும், முனை கூம்பாக முடியும். இதில் முனை வெட்டினாற்போல் தட்டை. வெளிச்சத்தில் பிடித்தால் ஓரத்தில் மட்டும் குளத்துத் தண்ணீர் நிறம் தெரியும். நடுவெல்லாம் புகை. விலை போகாது, அழகு மட்டும்.

ரோமானியரான பிளினி தன் இயற்கை வரலாற்றின் 37ஆம் நூலில் பெரிலைப் பற்றி எழுதும்போது, இது இந்தியாவில் கிடைப்பது, பிற இடங்களில் அரிது என்கிறார். கல் அறுப்பவர்கள் ஆறு பட்டையாகத் தீட்டுகிறார்களாம், கடலின் பசுமை கொண்டதே உயர்ந்ததாம். இந்தியர்களுக்கு நீளமான பெரில் மேல் ஆசை, தங்கமே வேண்டாத மணி இது ஒன்றுதான் என்பார்களாம், துளையிட்டு யானை மயிரில் கோத்துக்கொள்வார்களாம். கூடவே, இந்தியர்கள் படிகத்துக்குச் சாயம் ஏற்றிப் போலி செய்வதையும் சொல்லிவிடுகிறார். நம் ஆட்கள் அப்போதே கைகாரர்கள்.

ஆக, யோவான் எழுதிய கிரேக்கச் சொல்லான பெரில்லோஸ், அந்தக் காலத்து வாசகனுக்குக் கடல் நிறத்து இந்தியக் கல்லைத்தான் நினைவூட்டியிருக்கும். டீச்சர், எட்டாவதுக்கு நீலமும் பச்சையும் கலந்த தாளை வெட்டுங்கள்.

இரத்தினபுரி இளவல்

காங்கேயத்து அண்ணை சொல்வது சரியாக இருக்கலாம், ஆனால் எங்கட இலங்கையில் வந்து வைடூரியம் என்று ஒரு நீலப்பச்சைக் கல்லை நீட்டிப் பாருங்கோ, சிரிப்பார்கள். வைடூரியம் என்றால் பூனைக்கண் மட்டும்தான். சிங்களத்திலும் வைரோடி என்றால் அதுவே. நான் வளர்ந்த இரத்தினபுரியில் இல்லம் என்கிற கல்மண்ணைக் கூடையில் அரித்து எடுக்கும்போது, பூனைக்கண் அகப்பட்டால் அந்தக் குழிக்கே அன்று கொண்டாட்டம்.

பூனைக்கண்ணில் கோடு எப்படி வருகிறது என்று பலர் கேட்கிறவை. கல்லுக்குள் மயிரை விட மெல்லிய ஊசிகள் ஒரே திசையில் அடுக்கியிருக்கும். மேலே குமிழ் போல வழுக்கையாகத் தீட்டினால், அந்த ஊசிகளில் பட்ட வெளிச்சம் குறுக்கே ஒரு கோடாய்த் திரளும். பட்டை போட்டு அறுத்தால் கோடு வராது. நல்ல கல்லை ஒற்றை விளக்கின் கீழே திருப்பினால் ஒரு பாதி பால், மறு பாதி தேன்.

அதனால் என் வாக்கு: வைடூரியம் என்பது கிரிசோபெரில் பூனைக்கண். வேதத்தில் இருப்பது வேறு ஏதோ.

ஏடுபுரட்டி

தம்பி, இன்றைய வழக்கு நீங்கள் சொல்வதுதான், மறுப்பே இல்லை. ஆனால் அது எப்போதும் அப்படி இருக்கவில்லை என்பதற்கு எனக்குக் கிடைத்த மிக நல்ல சாட்சி இன்னொரு மறைநூலில் இருக்கிறது.

பாலி மொழிப் பௌத்த நூலான தீக நிகாயத்தில் சாமஞ்ஞபல சுத்தம் என்ற பகுதி. புத்தர் மகத மன்னன் அஜாதசத்துருவுக்கு ஓர் உவமை சொல்கிறார். அழகான வேளுரிய மணி, எட்டுப் பட்டை, நன்றாகத் தீட்டியது, தெளிந்தது. அதனுள் ஒரு நூல் கோத்திருக்கிறது, நீலமோ மஞ்சளோ சிவப்போ வெள்ளையோ. கண்ணுள்ள ஒருவன் அதைக் கையில் வைத்துப் பார்த்தால், இது மணி, இது அதற்குள் ஓடும் நூல் என்று தெரிந்துகொள்வான். உடம்புக்குள் அறிவு கட்டுண்டிருப்பதைக் காட்ட வந்த உவமை.

இதைப் பூனைக்கண்ணை வைத்துச் சொல்ல முடியுமா? பூனைக்கண் பாலாடை படிந்தாற்போல் இருக்கும், நூலின் நிறம் தெரியாது. துளையிட்டு, நூல் கோத்து, உள்ளே பார்க்கும்படி தெளிவாக இருப்பது பெரிலுக்குத்தான் பொருந்தும். மேலே நண்பர் சொன்ன பிளினியின் யானை மயிரையும் பக்கத்தில் வையுங்கள். இங்கே நூல், அங்கே யானை மயிர். இரண்டு தேசத்து ஆட்கள் ஒரே மணியைப் பார்த்து எழுதியது போலவே எனக்குப் படுகிறது.

அர்த்தசாஸ்திரம் வைடூரிய வகைகளைச் சொல்லும்போது நீலோற்பல நிறம், வாகைப்பூ நிறம், தண்ணீர் நிறம், மூங்கில் நிறம், கிளிச்சிறகு நிறம் என்று அடுக்குகிறது. புஷ்யராகம், கோமேதகம் என்ற பெயர்கள்கூட அந்த வரிசையில் வைடூரியத்தின் வகைகளாகவே வருகின்றன! பூனைக்கண் கோட்டைப் பற்றி அந்தப் பட்டியலில் ஒரு சொல் கிடையாது. சிலப்பதிகாரம் ஊர்காண் காதைக்கு வந்தால் 'தீதறு கதிரொளித் தெண்மட்டு உருவவும்' என்ற வரியை உரைகாரர்கள் வைடூரியத்துக்குச் சொல்கிறார்கள். தெளிந்த தேன் நிறம். தண்ணீரிலிருந்து தேனுக்குச் சொல் நகர்ந்துகொண்டிருந்ததோ என்று எனக்கு ஒரு சந்தேகம். சந்தேகம்தான்.

சீனம் போனபோது இதே சொல் லியூலி ஆகி, கடைசியில் கண்ணாடிக்கும் பளபளக்கும் ஓட்டுக்கும் பெயராகிவிட்டது. மருத்துவ புத்தர் என்று வணங்கப்படும் வைடூர்யப் பிரபரின் உடலைத் திபெத்தியர்கள் ஆழ்நீலத்தில் தீட்டுவதைப் பார்த்திருப்பீர்கள். அவர்கள் மனத்தில் அது லாபிஸ் லசூலி. ஒரு சொல், ஊருக்கு ஒரு கல்.

கறார்

இவ்வளவும் படித்த பிறகு எனக்குத் தோன்றுவது ஒன்றே. நம் வேதாகம மொழிபெயர்ப்பு தப்பு. பெரில் என்பது வைடூரியம் என்று நிரூபணம் ஆகிவிட்டது. எட்டாவது இடத்தில் வைடூரியம் என்று திருத்திவிட்டுப் போகவேண்டியதுதானே? பத்தாவதில் எப்படி வைடூரியம் வந்தது? அதே புத்தகத்தில் யஸ்பி என்பது யாத்திராகமத்தில் யஸ்பியாகவே இருக்கிறது, வெளிப்படுத்தலில் வச்சிரக்கல் ஆகிறது. ஒழுங்கே இல்லை.

ஏடுபுரட்டி

யஸ்பி விஷயத்தில் உங்கள் பக்கம்தான். வச்சிரம் என்றால் நமக்கு வைரம். கிரேக்க இயாஸ்பிஸ் வைரம் இல்லை.

ஆனால் வைடூரியத்தில் திருத்தக்கூடாது என்பேன். திருத்தினால் என்ன ஆகும்? சொற்பிறப்புப்படி சரியாகிவிடும், படிக்கிறவர் கண்முன்னே தப்பாகிவிடும். இன்று 'எட்டாவது வைடூரியம்' என்று படிக்கும் தமிழருக்குத் தேன் நிறப் பூனைக்கண்தான் தோன்றும். படிகப்பச்சை என்று எழுதியவருக்குப் பெரில்லோஸ் என்ற சொல் நம் வெருளியதான் என்று தெரிந்திருக்காமல் இருக்கலாம், ஆனால் கல் எப்படி இருக்கும் என்று தெரிந்திருக்கிறது. படிகம் போல் தெளிவு, பச்சை நிறம். போதாதா? இங்கிருந்து போன சொல் திரும்பி வந்தபோது வீட்டில் அதன் பாயில் வேறொருவர் படுத்திருந்தார், அவ்வளவுதான்.

எபிரேயத்துக்குப் போனால் தரையே நழுவும். மார்ப்பதக்கத்தின் நாலாம் பத்தியில் முதல் கல்லுக்கு எபிரேயச் சொல் தர்ஷீஷ். யோனா கப்பல் ஏறி ஓடப் பார்த்தாரே, அந்தத் தர்ஷீசும் அதே சொல். ஊர்ப்பெயரே கல்லுக்குப் பெயர், நம் விதூரத்துக் கதையேதான்! அந்த வசனத்தின் பழைய கிரேக்க மொழிபெயர்ப்பில் தர்ஷீஷுக்கு கிரிசோலித்தோஸ், அதாவது பொற்கல். பெரில் என்ற சொல் அதற்கு அடுத்த கல்லாக வருகிறது. எசேக்கியேல் முதல் அதிகாரத்தில் சக்கரங்கள் தர்ஷீஷ் போல மின்னின என்ற இடத்தில், கிரேக்கர் மொழிபெயர்க்காமல் தார்சிஸ் என்றே விட்டுவிட்டார். லத்தீனில் ஜெரோம் 'கடலின் தோற்றம் போல' என்று எழுதினார். ஆங்கிலத்தில் பெரில். நம்மில் படிகப்பச்சை. எனக்கு ஜெரோமைப் பிடித்திருக்கிறது, கல்லையே விட்டுவிட்டுக் கடலைப் பிடித்துக்கொண்டார்.

தனிமம்4

கறார் அண்ணா, இன்னொன்று. பழைய ஆட்கள் நிறத்தையும் தெளிவையும் பார்த்துப் பெயர் வைத்தார்கள், கனிமவியல் வேதிக் கூட்டையும் படிக அமைப்பையும் பார்த்து வைக்கிறது. அதனால் பழைய பெயரெல்லாம் புதுக் கல்லின் மேல் நேராக உட்காராது. பிளினியின் தோப்பாசோஸ் செங்கடல் தீவுக் கல், இன்றைய பெரிடாட். இன்றைய டோபாஸ் அது இல்லை. ஆகவே 'நிரூபணம்' என்ற சொல்லைக் கொஞ்சம் தள்ளி வைப்போம்.

இழைக்குச் சம்பந்தமில்லாத ஒன்று, மன்னிக்கவும். ஜெர்மன் மொழியில் மூக்குக்கண்ணாடிக்கு பிரில்லே என்று பெயர். அதுவும் பெரிலிலிருந்து வந்ததுதான், முதலில் தெளிந்த கல்லைத் தேய்த்துத்தான் லென்ஸ் செய்தார்கள். 2021இல் ஏவிய ஜேம்ஸ் வெப் தொலைநோக்கியின் முகக்கண்ணாடி பெரிலியம் உலோகம், 18 துண்டு, ஒவ்வொன்றும் அறுகோணம். பெரில் படிகமும் அறுகோணம். தற்செயல்தான், ஆனாலும் வகுப்பில் இதைச் சொல்லாமல் என்னால் இருக்க முடிந்ததில்லை.

இரத்தினபுரி இளவல்

டீச்சர், அம்மாவின் மோதிரத்துக்கு வருவோமா? என்ன விலை கொடுத்தீர்கள் என்று கேட்கலாமோ தெரியாது. பூனைக்கண் என்று விற்பதில் பாதிக்கு மேல் குவார்ட்ஸ் பூனைக்கண்ணாகத்தான் நான் கண்டிருக்கிறேன். குற்றம் இல்லை, அதுவும் இயற்கைக் கல்தான், ஆனால் விலை மலைக்கும் மடுவுக்கும்.

ஞாயிறுபள்ளி

விலையைச் சொன்னால் அம்மாவுக்குத் தெரிந்துவிடும், அப்பாவுக்கும் தெரிந்துவிடும். ஒரு நகைக்கடையில் வாங்கியது, ரசீதில் 'வைடூரியம் 1' என்று மட்டும் இருக்கிறது. மோதிரம் இறுகிவிட்டது என்று போன வாரம் ஆசாரியிடம் பெரிதாக்கக் கொடுத்தோம். கல் இப்போது தனியாகக் காகிதத்தில் மடித்து என்னிடம்தான் இருக்கிறது. வீட்டிலேயே சோதிக்க ஏதாவது வழி உண்டா? கீறிப் பார் என்று மட்டும் சொல்லாதீர்கள்.

தனிமம்4

கீற வேண்டாம். 0.01 கிராம் வரை காட்டும் சின்னத் தராசு கிடைக்குமா? கல்லை முதலில் உலர்ந்தபடி எடை போடுங்கள். பிறகு ஒரு சின்னத் தம்ளரில் தண்ணீர் ஊற்றித் தராசில் வைத்துப் பூஜ்ஜியம் ஆக்குங்கள். கல்லை மெல்லிய நூலில் கட்டி, அடியிலும் ஓரத்திலும் படாமல் தண்ணீருக்குள் தொங்க விடுங்கள். குமிழி ஒட்டியிருந்தால் தட்டி விடவும். தராசு இப்போது காட்டுவது கல் விலக்கிய தண்ணீரின் எடை. முதல் எண்ணை இரண்டாவதால் வகுங்கள், வருவது கல்லின் அடர்த்தி. கிரிசோபெரில் என்றால் 3.7 பக்கம் வரும். குவார்ட்ஸ் என்றால் 2.65.

ஞாயிறுபள்ளி

செய்துவிட்டேன். அண்ணன் பழைய நாணயம் சேர்க்கிறவன், அவன் தராசு. உலர்ந்த எடை 1.04 கிராம். தண்ணீரில் மூன்று முறை போட்டேன்: 0.39, 0.39, 0.40. முதல் முறை என் கை நடுங்கியதால் கணக்கில் சேர்க்கவில்லை.

வகுத்தால் 2.6, 2.67 என்று வருகிறது. 3.7 இல்லவே இல்லை. அதற்கு 0.28 காட்டியிருக்க வேண்டும், இல்லையா?

தனிமம்4

ஆமாம். கிரிசோபெரில் இல்லை. வருத்தம்தான்.

நொய்யல்கரை

ஒரு நிமிடம். பெரிலின் அடர்த்தி என்ன? 2.7 பக்கம்தானே? இந்தத் தராசில் 0.01 அங்கே இங்கே ஆனால் 2.6க்கும் 2.74க்கும் நடுவில் எதுவும் இருக்கலாம். குவார்ட்ஸாகவும் இருக்கலாம், பெரிலாகவும் இருக்கலாம். பெரிலிலும் பூனைக்கண் உண்டு, அரிது.

ஏடுபுரட்டி

அப்படியானால் கடைக்காரர் பாணினி காலத்து வைடூரியத்தைக் கொடுத்திருக்கிறார் என்று வைத்துக்கொள்ளலாமா!

இரத்தினபுரி இளவல்

வைத்துக்கொள்ளலாம், விற்க முடியாது. நூற்றுக்குத் தொண்ணூறு குவார்ட்ஸ்தான், தேன் நிறம் வேறு. ஒளிவிலகல் பார்த்தால் ஐந்து நிமிட வேலை. குவார்ட்ஸ் 1.54, பெரில் 1.57 போல. கல் சோதிக்கும் இடத்தில் கேளுங்கோ, வீட்டில் முடியாது.

ஞாயிறுபள்ளி

அம்மாவிடம் மெதுவாகச் சொன்னேன். 'கேதுவுக்கு அடர்த்தி பார்க்கத் தெரியுமா?' என்று கேட்டுவிட்டுக் கல்லை வாங்கிக்கொண்டு போய்விட்டார். ஆசாரி நாளைக்குப் பதித்துத் தருகிறாராம். சோதனைக்கு அனுப்பும் பேச்சே இல்லை.

எட்டாவதுக்கு நீலப்பச்சைத் தாள் வெட்டியாயிற்று, நாலாவது மரகதத்துக்கு அதை விட அடர்த்தியான பச்சை. பத்தாவது கிரிசோபிரேஸுக்கு என்ன நிறம், யாராவது சீக்கிரம் சொல்லுங்கள். நாளை காலை எட்டரைக்கு வகுப்பு.

நொய்யல்கரை

இளம்பச்சை. மாங்காயை அறுத்தால் தோலுக்குக் கீழே தெரியுமே, அந்த நிறம்.